ரோவீனா மெர்சியர் தன் மசோதாவுக்கு எதிராகப் போட்ட வாக்கு

அவைத்தலைவர் அவர்களே, தலைநகரிலிருந்து இந்தப் பனியில் இவ்வளவு தூரம் வந்து மேடையில் அமர்ந்திருக்கும் சட்டசபை உறுப்பினர்களே, பாதிரியார் அவர்களே, தாய் ரோவீனாவை இழந்து முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் கோலெட் அம்மா, கார்வர் மில்ஸ் ஊர் மக்களே! உங்கள் எல்லோருக்கும் ஹார்லன் பிரேயின் வணக்கம்.

ஐந்து நிமிடம் என்று எனக்குச் சொல்லியிருக்கிறார்கள். மாண்புமிகு பிரதிநிதி ரோவீனா மெர்சியர் இருபத்திரண்டு வருடம் நமக்காகப் பேசினார். அவருக்கு ஐந்து நிமிடமா? நான் முடிக்கும்போது முடிப்பேன்.

எனக்கு முன்னால் பேசியவர்கள் அவரைப் புனிதர் என்றார்கள். அவர் புனிதர் இல்லை. பிடிவாதக்காரி! பள்ளிப் பேருந்து ஓட்டும் வேலையை விடாமலே சட்டசபைக்குப் போனவர். சபை கூடாத மாதங்களில் காலை ஆறரைக்கு அந்த மஞ்சள் வண்டி என் வீட்டைத் தாண்டிப் போகும். எந்த வீட்டில் யாருக்கு உடம்பு சரியில்லை, எந்த வீட்டுப் புகைபோக்கியில் புகை வரவில்லை என்று அவருக்குத் தெரியும். எந்தக் கட்சித் தலைமை அவருக்கு இதைச் சொல்லிக்கொடுத்தது?

ஊரே கூடிச் சாப்பிடும் சனிக்கிழமை பீன்ஸ் விருந்துகளை நினைத்துப் பாருங்கள். ஓட்டுக் கேட்பவர்கள் மேஜை மேஜையாகப் போய்க் கை குலுக்குவார்கள். ரோவீனா நேரே சமையலறைக்குப் போய்ப் பாத்திரம் கழுவுவார். ஏன் என்று ஒருமுறை கேட்டேன்.

"கை குலுக்குனா எல்லாரும் நல்லாருக்கேன்னுதான் சொல்லுவாங்க ஹார்லன். பக்கத்துல நின்னு தட்டுத் துடைச்சாத்தான் நடந்ததச் சொல்லுவாங்க. இந்தா, துணியப் பிடி."

துணியைப் பிடித்தேன். நடந்ததைச் சொன்னேன். மூடிப்போன காகித ஆலையின் கழிவை உரம் என்று சொல்லி இலவசமாகக் கொடுத்தார்கள். என் அப்பா முப்பது வருடம் நிலத்தில் கொட்டினார். அதிலிருந்த நஞ்சு கிணற்றில் இறங்கிவிட்டது. பால் வாங்குபவர்கள் என் மாட்டுப் பாலைச் சோதித்துவிட்டு, இனி வேண்டாம் என்றார்கள். நாற்பத்தாறு மாடுகள்! அத்தனையையும் இழந்தேன். இந்தக் கூடத்தில் பாதிப் பேர் குடித்தது அதே தண்ணீர்தான்.

அவர் ஆறுதல் எதுவும் சொல்லவில்லை. "எத்தன கிணறு?" என்று மட்டும் கேட்டார். அந்தக் குளிர்காலம் முழுவதும் வீடு வீடாகப் போய்த் தண்ணீர் எடுத்தார். கிணறுகளைச் சோதித்துக் கெட்ட இடங்களுக்கு அரசே குழாய் போட வேண்டும் என்று மசோதா கொண்டுவந்தார். அவர் கட்சியில் பாதிப் பேர் அதை எதிர்த்தார்கள். இன்று இங்கே அழகாகப் பேசிய சிலர் அன்று எந்த வாக்குப் பொத்தானை அழுத்தினார்கள் என்ற பட்டியல் என் சட்டைப்பையில் இருக்கிறது. வாசிக்க மாட்டேன். கோலெட் அம்மா வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்.

வாக்கெடுப்பு நாளன்று நான் பார்வையாளர் மாடத்தில் இருந்தேன். இரண்டடிப் பனி. வடக்கேயிருந்து வர வேண்டிய நான்கு உறுப்பினர்கள் வழியில் மாட்டிக்கொண்டார்கள். நான்கும் நம் வாக்குகள். சுவரில் உள்ள பலகையில் ஒவ்வொரு பெயருக்கும் எதிரே விளக்கு எரிந்தது. ஆதரவு பச்சை, எதிர்ப்பு சிவப்பு. எழுபத்திரண்டு பச்சை, எழுபத்து நான்கு சிவப்பு. தோற்றோம் என்று தெரிந்துவிட்டது. பலகையை மூடப் போகும் கடைசி நொடியில், மெர்சியர் என்ற பெயருக்கு எதிரே இருந்த பச்சை சிவப்பாக மாறியது.

சொந்த மசோதாவுக்கு எதிராக வாக்கு! நான் எழுந்து கத்தினேன். என்ன கத்தினேன் என்பதைப் பாதிரியார் முன்னால் சொல்ல முடியாது. காவலர் ஓடிவந்தார்.

"ஐயா, இங்க சத்தம் போடக் கூடாது. உக்காருங்க, இல்லன்னா வெளிய போங்க."

"போறேன்யா! இன்னும் இங்க என்ன பாக்க வேண்டியிருக்கு?"

தாழ்வாரத்தில் ரோவீனா எதிரே வந்தார். கூடவே எதிர்த்து வாக்களித்த இரண்டு பேர். என்னைப் பார்த்து, "ரோட்டுல ஐஸ் கட்டியிருக்கு ஹார்லன், மெதுவாப் போ" என்றார்.

"நீ எனக்கு வண்டி ஓட்டச் சொல்லித் தர்றியா? போ, போய் உன் புதுச் சிநேகிதக்காரங்களோட சாப்பிடு!"

நூற்று நாற்பது மைல் ஓட்டினேன். வீடு வந்ததும் என் முற்றத்திலிருந்த அவருடைய தேர்தல் பலகையைப் பிடுங்கி, அவர் வீட்டு வாசலில் குப்புறப் போட்டேன். மறுநாள் விடிந்ததும் டாட்டின் உணவகத்துக்குப் போய், "ரோவீனா நம்மள வித்துட்டா" என்று ஊருக்கே அறிவித்தேன்.

டாட் முட்டையைத் திருப்பிப் போட்டுக்கொண்டே, "நம்மள எவன் வாங்குவான்?" என்றார். அவர் ஒருவர்தான் சிரித்தார். மற்றவர்கள் என்னை நம்பினார்கள். என்னை நம்பியவர்கள் இங்கே இருக்கிறீர்கள். தலையைக் குனியாதீர்கள், நான் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

அந்த நேரத்தில் தலைநகரில் என்ன நடந்தது? வடக்கத்திய நான்கு பேரும் பனி அள்ளும் வண்டியின் பின்னாலேயே வந்து சேர்ந்துவிட்டார்கள். ரோவீனா எழுந்து, "நேற்றைய வாக்கை மறுபடியும் எடுக்கக் கோருகிறேன்" என்றார். அந்தச் சபையின் விதி அது. ஒரு வாக்கெடுப்பை மறுபடியும் நடத்தக் கேட்க, வென்ற பக்கம் வாக்களித்தவருக்கு மட்டுமே உரிமை, அதுவும் மறுநாளுக்குள். தோற்பது உறுதி என்றானதும், வென்ற பக்கத்துக்குப் போய் அந்த உரிமையை எடுத்துக்கொண்டார். எழுபத்தாறுக்கு எழுபத்து நான்கு. மசோதா நிறைவேறியது!

எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவன் நான். அதன் பிறகுதான் சபை விதிப் புத்தகத்தை வரவழைத்து, அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை படித்தேன். அவர் செய்தது ஒவ்வொரு எழுத்தும் சரி.

ஒரு வாரம் கழித்து மாடில்லாத என் தொழுவத்துக்கு வந்தார்.

"தாழ்வாரத்துல ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல?" என்றேன்.

"சொல்லியிருந்தா நீ மாடிப்படி இறங்குறதுக்குள்ள நாலு பேர்கிட்டச் சொல்லியிருப்ப. எதிர்த் தரப்புக்குத் தெரிஞ்சா, அவங்களே அப்பவே மறு வாக்கெடுப்புக் கேட்டு மறுபடியும் தோக்கடிச்சிருப்பாங்க. ஒரு தடவதான் அப்படிக் கேக்க முடியும்; அதோட கதவு மூடிடும்."

"ஊரே உன்னத் திட்டிச்சே?"

"ஒரு நாள்தானய்யா. தாங்க மாட்டேனா?"

நான் மன்னிப்புக் கேட்கவில்லை. அவரும் எதிர்பார்க்கவில்லை. அவர் சொன்னது சரி; என் வாய் நிற்காது. ஆனால் என்னை நம்பியிருக்கலாம் என்பது இன்றும் என் மனக்குறைதான். இதை அவர் முகத்துக்கு நேரே பலமுறை சொல்லியிருக்கிறேன்.

நண்பர்களே, என் வீட்டுக் குழாயில் இன்று நல்ல தண்ணீர் வருகிறது. டேனரி மலை ரோட்டில் பதினோரு வீடுகளில் வரவில்லை. அந்தச் சட்டம் மலையடியோடு நின்றுவிட்டது. அந்தப் பதினோரு வீட்டுக்கும் குழாய் போடப் புது மசோதா கொடுத்துவிட்டுத்தான் ரோவீனா மருத்துவமனைக்குப் போனார். வருகிற செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு அதன் மீது பொது விசாரணை. கொண்டுவந்தவர் இல்லை. அறை காலியாக இருந்தால் கமிட்டி என்ன செய்யும்? அதைப் பெட்டிக்குள் போட்டுவிட்டு மதியச் சாப்பாட்டுக்குப் போகும்!

விடுவோமா? அந்த விசாரணையில் யார் வேண்டுமானாலும் மூன்று நிமிடம் பேசலாம். பிரதிநிதியாக இருக்க வேண்டியதில்லை, படித்திருக்க வேண்டியதில்லை, என்னைப் போல இருந்தாலே போதும். தீயணைப்பு நிலைய வாசலிலிருந்து அன்று விடிகாலை ஐந்தரை மணிக்கு வண்டி கிளம்பும். பதினான்கு இடம். ஒன்று எனக்கு. பதிமூன்று மீதி.

மலர்வளையம் எல்லாம் வைத்தாயிற்று. இப்போது கையைத் தூக்குங்கள். பதிமூன்று கைகள் எண்ணும்வரை இந்த மைக்கை நான் யாரிடமும் கொடுக்கப் போவதில்லை.