ஓரத்தில் மறைந்திருந்த முகம்

"அந்தக் கை யாருதுங்க மாமா?"

குன்னூரில் நம் திரையரங்கில் தாங்கள் படம் ஓட்டும் ஆப்பரேட்டர் அறை வாசலில் நின்று சிறுமி முனவ்வரா அன்று கேட்ட கேள்விக்கு விடை தேடித் தந்த பெருந்தகையே! ஒளியை ஆண்ட உத்தமரே! இன்று பணி நிறைவு பெறும் அன்பின் அண்ணலே, சில்வஸ்டர் அவர்களே! வணங்கி மகிழ்கிறோம்.

அன்று ஓடியது ஒரு மாபெரும் போர்ப்படம். சாகக் கிடக்கும் வீரனின் வாயில், திரையோரத்திலிருந்து நீண்ட ஒரு கை தண்ணீர் ஊற்றியது. கைக்குரியவர் தெரியவில்லை. நம் திரை குறுகல். அகன்ற படத்தின் இரு ஓரங்களும் கறுப்புத் துணியில் விழுந்து மடிந்தன. முனவ்வராவோ எல்லைப் போரில் தந்தையை இழந்தவள். "கடைசி நேரத்துல அத்தாகிட்ட யாராச்சும் இருந்தாங்களான்னு அம்மா தெனமும் அழுகறாங்க" என்று அவள் சொன்னபின் தங்களுக்கு உறக்கமேது!

கேத்திக்குப் போகும் கடைசிப் பேருந்தைச் சனம் பிடிக்க, படம் சீக்கிரம் முடியட்டுமென்று மேலாளர் நல்லசாமி வெட்டச் சொன்ன காட்சிகளைத் தாங்கள் பத்திரமாக வைத்திருந்தீர்கள். அவற்றைத் திரும்ப ஒட்டினீர்கள். திரையை அகலமாக்கத் துணியும் கேட்டீர்கள்.

"ஏனுங்க சில்வஸ்டர், பஸ்ஸு போயிருச்சுன்னா சனத்தை உங்க ஊட்லயா படுக்க வெப்பீங்க?" என்று சீறினார் மேலாளர்.

"என்ற புது வேட்டி இருக்குதுங்க. ரெண்டாக் கிழிச்சு ரெண்டு பக்கமும் தெச்சுக்குங்க. அதைக் கட்டிக்க நானென்ன மாப்பிள்ளையா?" என்று சிரித்தார் டிக்கெட் கிழிக்கும் ஆறுக்குட்டி.

மறுநாள் மாலை, ஆறுக்குட்டியின் வேட்டியில் விரிந்தது அந்த முகம். எதிரி நாட்டு இளைஞன்! முன்பு வெற்றி முழக்கத்தோடு முடிந்த அதே படத்தில், இப்போது அவன் தொப்பியைக் கழற்றி, பகைவனின் தலையை மடியில் தாங்கி, மூச்சு அடங்கும்வரை அமர்ந்திருந்தான். படம் பார்க்க வந்திருந்த படைவீரர்களும் வெடிமருந்துத் தொழிற்சாலைத் தோழர்களும் தாமாக எழுந்து நின்றனர். ஓரம் விரிந்ததும் போர்க்கதை இரக்கக் கதையாகியதே, அதை என்னென்பது! முனவ்வராவின் தாய் பாத்திமுத்து முகத்தை மூடிக்கொண்டு, "யா அல்லா, அவரும் தனியாப் போயிருக்க மாட்டாருங்க" என்றார். பேருந்தைத் தவறவிட்டவர்கள் முணுமுணுக்காமல் மலைப்பாதையில் நடந்தே வீடு சேர்ந்தனர்.

பிறர் துயரைக் கண்ட தங்கள் கண்களுக்கு இறைவன் குன்றாத ஒளியும், இந்த மேடுபள்ளங்களில் நடக்கக் கால்களுக்கு நெடுநாள் வலிமையும் அருள்வானாக!

சென்ற மழைக்காலத்தில் தாங்கள் நோயுற்றிருந்தபோது, மறைந்த துணைவியாரின் கல்லறைக்குச் செல்ல இயலவில்லை. குணமாகிப் போன அன்று கல்லில் துளிப் பாசியில்லை. பெயரெழுத்துகள் ஒவ்வொன்றும் துலங்கின. துடைத்தவரை எவரும் கண்டதில்லை. அன்று மாலையே பாத்திமுத்து அம்மாவிடம் கேட்டோம்.

"எனக்கென்னங்க தெரியும்?" என்றார். அவர் முந்தானை நுனியில் பாசியின் பச்சை இன்னும் ஈரமாயிருந்தது.

இங்ஙனம்,
தங்களோடு இருளில் அமர்ந்து ஒளி கண்ட
திரையரங்கப் பணியாளர்கள், குன்னூர்.