மூன்று முறை கூப்பிட்டேன்

எனக்கு நல்ல குரல் என்று எல்லோரும் சொல்வார்கள், ஐயா. நீதிமன்ற அறை வாசலில் நின்று மனுதாரர் பெயரைக் கூப்பிடுவதுதான் இருபத்திரண்டு வருடமாக என் வேலை. வெளிக்கேட்டில் அரட்டை அடித்துக்கொண்டிருப்பவர்கூட அடித்துப்பிடித்து ஓடிவருவார். மூன்று முறை கூப்பிட்டும் வராவிட்டால் மனு தள்ளுபடி. எவ்வளவு சத்தமாகக் கூப்பிட வேண்டும் என்று எந்த விதியிலும் இல்லை.

தங்கை மனு போட்டிருப்பதே, புது மனுக்களின் பட்டியலைச் சுவரில் ஒட்டும்போதுதான் எனக்குத் தெரிந்தது. விரலில் பசையோடு அப்படியே நின்றுவிட்டேன். அவள் கணவன் என் சிநேகிதன். நான் பார்த்து முடித்த சம்பந்தம். அவனை விட்டு வந்து விடுதியில் தங்கியிருக்கிறாள், ஐந்து வயது மகளைத் தன்னிடம் ஒப்படைக்கச் சொல்கிறாள், என்னிடம் ஒரு வார்த்தை இல்லை. அப்பா போன பிறகு அவளுக்குத் தலைவாரிப் பள்ளிக்கு அனுப்பியவன் நான். என்னை மூன்றாம் மனுஷனாக்கிவிட்டாளே.

மனுவை எடுத்துப் படித்தேன். கணவன் அறைந்ததில் இடது காது கேட்காமல் போய்விட்டதாம். முழுப் பொய். அவன் கொஞ்சம் முன்கோபி, அவ்வளவுதான். அதற்காக இப்படியா ஜோடிப்பது? எனக்கு மனசே விட்டுப்போயிற்று.

விசாரணை நாளில் சீக்கிரமே வந்துவிட்டாள். வக்கீல் வைத்துக்கொள்ளவில்லை. கையில் மகளுக்காக வாங்கிய சிவப்புச் செருப்பு. என்னைப் பார்த்ததும் முகம் தெளிந்தது.

"சொன்னா நீ தடுப்பியோன்னு பயந்துட்டேண்ணா. ஆனா நீ இருக்கிற இடம்தானேன்னு தைரியமா வந்தேன்."

"முறை வந்தா நானே கூப்பிடுறேன். நீ இங்க உக்காரு."

நடையில், நகல் எடுக்கும் இயந்திரத்தை ஒட்டிய பெஞ்சில் உட்கார வைத்தேன். முறை வந்தபோது மூன்று தடவையும் கூப்பிட்டேன், வீட்டில் பக்கத்து அறையிலிருந்து கூப்பிடுகிற மாதிரி. அவள் குனிந்து செருப்பு வாரை மாட்டுவதும் கழற்றுவதுமாக இருந்தாள். உள்ளே போய், மனுதாரர் வரவில்லை என்றேன். அரை நிமிடத்தில் தள்ளுபடி ஆனது.

வராததற்குக் காரணம் சொல்லி, முப்பது நாளுக்குள் மனுவை மறுபடி எடுக்கச் சொல்லலாம். அவளிடம், அடுத்த மாதத்துக்கு வாய்தா போட்டிருக்கிறார்கள், நானே தேதி சொல்கிறேன் என்றேன். தலையாட்டிவிட்டுப் போனாள். சிநேகிதனுக்கும் தகவல் சொன்னேன். அவன் குழந்தையோடு ஊரை விட்டே போய்விட்டான். எங்கே என்று எனக்கும் சொல்லவில்லை. அவ்வளவு செய்தும் அவனும் என்னை நம்பவில்லை, பாருங்கள்.

முப்பத்தைந்தாம் நாள் அதே செருப்போடு வந்து நின்றாள். மனு அன்றைக்கே தள்ளுபடியானதையும், முப்பது நாள் கெடு முடிந்துவிட்டதையும் சொன்னேன். செருப்பைப் பைக்குள் வைத்துக்கொண்டு படியிறங்கிப் போனாள்.

அத்தனை பெஞ்ச் இருக்க ஏன் அந்தப் பெஞ்ச் என்று கேட்கிறீர்கள். அங்கே உட்கார்ந்தால் இயந்திரம் இரைவது வலது காதுப் பக்கம், ஐயா. வாசல் பக்கம் இடது காதுதான் வரும்.