வெள்ளை அங்கியில் தெரிந்த நீலம்

வெள்ளைத் துணியைப் படமெடுப்பது கடினம். வெயிலில் மடிப்புகள் கரைந்துவிடும். பையில் இருப்பது மட்டும் பளிச்சென்று தெரியும்.

என் மனைவி யூஷியா கூலிக்கு ஒப்பாரி வைப்பவள். செத்தவரின் மகளாக வெள்ளை அங்கி போட்டு, கையில் மைக்கோடு, தெருமுனையிலிருந்து சவப்பெட்டிவரை தவழ்ந்தபடி அழுவாள். பெட்டியை அவள் தொடும்வரை யாரும் அவளைத் தொடக்கூடாது. தைவானில் எங்கள் சியாயி பக்கத்து வழக்கம்.

பதினோரு மாதம் அவளைப் படமெடுத்தேன். என் படங்களில் மனிதர்கள் தங்கள் வாழ்க்கையைத் தாங்களே நடிப்பார்கள். நான் 'கட்' சொல்வதில்லை. நடிப்பு உடையும் இடம்தான் எனக்கு வேண்டும். அவளிடம் அது உடையவில்லை. அழுது முடித்ததும் மூக்கைத் துடைத்துக்கொண்டு வான்கோழிச் சோறு சாப்பிடப் போய்விடுவாள். எனக்குத் தூக்கம் போயிற்று.

அன்று மீன்பண்ணை ஹூ வீட்டுச் சாவு. அங்கியை நான்தான் எடுத்துக் கொடுத்தேன்.

"இன்னைக்காவது நெஜமா அழணுமா, டைரக்டர் சார்?" என்றாள். "உங்கப்பா சாவுல உக்காந்து லென்ஸ் துடைச்ச ஆளு நீ. எனக்கு அழக் கத்துக் குடுக்கிற."

அவளுக்கு ஆஸ்துமா. நீல இன்ஹேலர் எப்போதும் அங்கிப் பையில் இருக்கும். துணி வழியே நீலம் தெரிந்தது. எடுத்து என் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். அவளிடம் சொல்ல மறந்துவிட்டேன் என்று விசாரணையின் முதல் நாள் உங்களிடம் சொன்னேன், இன்ஸ்பெக்டர் காவ். மறக்கவில்லை.

செத்தவருக்காகக் காகிதப் பணம் எரித்த புகை தெருவில் இறங்கியது. பாதி வழியில் அவள் மூச்சு ஒலிபெருக்கியில் விசிலடித்தது.

"பெத்த பொண்ணுங்க மூணு பேரும் இப்படி அழுவலியே," என்றாள் ஹூவின் மருமகள்.

ஒலிபெருக்கியைக் கவனித்துக்கொண்டிருந்த யூஷியாவின் அண்ணன் என் பக்கம் திரும்பினான். "தங்கச்சி இன்னைக்குப் பின்றா, மாப்ள." சத்தத்தைக் கூட்டினான்.

யூஷியாவின் கை அங்கிப் பையைத் துழாவியது. பிறகு நிமிர்ந்தாள். பதினோரு மாதத்தில் ஒருமுறைகூட அவள் காமிராவைப் பார்த்ததில்லை. அன்றும் பார்க்கவில்லை. அதைத் தாண்டி என்னைப் பார்த்தாள். எனக்குப் புரிந்தது. ஃபோகஸைச் சரிசெய்தேன்.

மூன்று நிமிடம் நாற்பது விநாடி, அவள் மூச்சு அடங்கும்வரை. பெட்டிக்கு இன்னும் நாலு அடி இருந்ததால் யாரும் அவளைத் தொடவில்லை. அவள் தொழிலை மதித்து நானும் குறுக்கிடவில்லை.

அந்தக் காட்சியை எத்தனை தடவை பார்த்தேன் என்று தெரியாது. அழுகை வரவில்லை. ஓரிடத்தில் உட்காரவும் முடியவில்லை. இந்த லாக்கப் அறையில் சுவருக்குச் சுவர் ஆறு தப்படி.

நாளை அந்தத் தெருவில் நடந்ததை நடித்துக் காட்டச் சொல்லி வீடியோ எடுக்கப்போகிறீர்கள். யூஷியாவாகத் தவழ ஒரு பெண் காவலர் வருகிறாராம். பாதி வழியில் அவரை நிமிர்ந்து என்னைப் பார்க்கச் சொல்லுங்கள். இந்த முறை நான் ஓடிப்போய் மருந்தைக் கொடுத்துவிடுவேன்.

காமிராவை மட்டும் கை நடுங்காத ஆளிடம் கொடுங்கள். எங்கே நிற்க வேண்டும் என்று நான் சொல்கிறேன்.