அந்த மௌனம் என்னுடையது

எனக்குச் சத்தம் பிடிக்காது, சார். வீட்டில் மிக்ஸி ஓடினாலே எழுந்து பால்கனிக்குப் போய்விடுவேன். ராக் இசைக்குழுவில் ஒலிப் பலகைக்குப் பின்னால் நிற்பவன் இப்படிச் சொன்னால் நீங்கள் சிரிப்பது நியாயம்தான்.

திகந்த லாஹிரியை உங்களுக்குத் தெரியாமல் இருக்காது. கொல்கத்தாவில் அவன் முகம் ஒட்டாத சுவர் எங்கே இருக்கிறது? எங்கள் 'ஏழாம் மாடி' குழுவின் பாடகன், டாலிகஞ்ச் ஸ்டூடியோக்களில் எடுக்கும் வங்காளப் படங்களின் கதாநாயகன். ஆரம்பத்தில் குழுவில் நான்தான் பாடிக்கொண்டிருந்தேன். அவன் வந்ததும் நானே ஒதுங்கி ஒலியைப் பார்த்துக்கொண்டேன். அதில் எனக்கு வருத்தம் ஒன்றுமில்லை. முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

இரண்டு தொழில் பார்த்தால் இரண்டு திறமை இருப்பதாகப் பத்திரிகைக்காரர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். ஷூட்டிங்குக்கு 'நான் ராக்கர்' என்று முடியைச் சிலுப்பிக்கொண்டு தாமதமாகப் போவான். மேடைக்கு 'நான் ஸ்டார்' என்று தாமதமாக வருவான். அங்கே முகத்தில் தண்ணீர் தெளித்து வியர்வை காட்டுவார்கள். இங்கே ஓடியாடிப் பாட மாட்டான், வியர்த்தால் மேக்கப் கலைந்துவிடுமாம்.

அதையும் பொறுத்துக்கொண்டேன். எங்கள் பாட்டு ஒன்றில், நடுவே எல்லா வாத்தியமும் சட்டென்று நின்றுபோகும். ஒரு மூச்சு இழுத்துவிடும் நேரம் ஒன்றுமே இருக்காது. கேட்பவனுக்குத் தன் நெஞ்சு அடிப்பது கேட்கும். அந்த மௌனத்தை அமைத்தவன் நான். நான் செய்ததில் உருப்படியானது அது ஒன்றுதான். துர்காபூர் கல்லூரி விழாவில், சரியாக அந்த இடத்தில், முன்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது.

"திகந்தண்ணே, அந்தப் படத்து டயலாக் சொல்லுங்கண்ணே."

அவன் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினான். "மழை நின்னா நான் வருவேன். நான் வந்தா மழை நிக்காது."

விசில் பறந்தது. அதற்குப் பிறகு எல்லா மேடையிலும் அதே இடத்தில் அதே உளறல்தான்.

"அந்த இடத்துல மட்டும் பேசாதடா," என்றேன்.

முட்டை ரோலைக் கடித்துக்கொண்டே சிரித்தான். "காலி மனைதானே, மிருண்மய். பட்டா போட்டு வச்சிருக்கியா?"

மேடையில் பாடகன் காதுக்குள் சின்ன ஒலிபெருக்கி செருகியிருப்பான். அதில் எவ்வளவு சத்தம் போகவேண்டும் என்பது என் விரலில் இருக்கிறது. காதைக் கெடுக்கும் அளவைத் தாண்டவிடாமல் தடுக்கப் பலகையில் ஒரு பூட்டும் உண்டு. அதை எடுத்துவிட்டேன். நிகழ்ச்சிக்கு நிகழ்ச்சி ஒரு மயிரிழை ஏற்றினேன், அவ்வளவுதான். பிறகு அவனே மேடையில் விரலை மேலே காட்ட ஆரம்பித்தான். இன்னும் வேண்டுமாம். கேட்டதைக் கொடுத்தேன். அவன் விரல் மேலே போனதைக் கூட்டமே பார்த்திருக்கிறது, விசாரித்துக்கொள்ளுங்கள்.

ஒருநாள் சொன்னான்: "காதுக்குள்ள விசில் அடிச்சுக்கிட்டே இருக்குடா. படுத்தாக்கூட நிக்க மாட்டேங்குது."

"உன் ரசிகருங்களா இருக்கும்," என்றேன். "ரெண்டு வேலை பாக்குற இல்ல, உடம்பு கெஞ்சுது. ரெண்டுல ஒண்ணை விடு."

"எதை விடச் சொல்ற?"

"உன் இஷ்டம்."

அவனுக்கு வாய்ப்புக் கொடுத்தேன் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். அவன் எதையும் விடவில்லை.

சிலிகுரியில் மதியம் ஒத்திகை பார்த்தோம். பாட்டு அந்த இடத்தில் நின்றது. ஆளே இல்லாத மைதானம். அங்கேயும் கண்ணாடியைக் கழற்றி டயலாக்கை ஆரம்பித்தான். பலகையில் இருந்த அத்தனையையும் உச்சத்துக்குத் தள்ளி, அவன் இரண்டு காதுக்குள்ளும் அனுப்பினேன். வெளியே ஒரு சத்தமும் இல்லை. அவன் அப்படியே உட்கார்ந்து, காதில் இருந்ததைப் பிடுங்கி எறிந்தான்.

"மிருண்மய், ஏதாவது பேசுடா," என்றான்.

நான் பேசிக்கொண்டுதான் இருந்தேன்.

பலகையை விலைக்கு வாங்கினவன் பூட்டு எடுத்திருப்பதைப் பார்த்து திகந்தின் மனைவியிடம் சொல்லியிருக்கிறான். அவள் புகார் கொடுத்தது சரிதான். நான்தான் செய்தேன், தெரிந்தேதான் செய்தேன். இசைக்காகச் செய்தேன். குழு கலைந்துபோனது வேறு விஷயம்.

சினிமாவுக்குக் காது தேவையில்லை, சார். எதிரே ஒருவன் கையசைத்தால் அவன் வாயசைக்கிறான். குரல் மட்டும் நிலையில் நிற்பதில்லை, வேறொருவன் பேசியாக வேண்டும். அவன் எங்கே மூச்சு விடுவான் என்று என்னைவிட யாருக்குத் தெரியும்? டப்பிங் பேசக் கூப்பிட்டார்கள், போனேன்.

புதுப் படத்திலும் அந்த மழை டயலாக் இருக்கிறது. அந்த உளறல்மேல் எனக்குத் துளி மரியாதை கிடையாது. ஒலி சரியாக விழுகிறதா என்று பார்க்கத்தான் தியேட்டருக்குப் போனேன். நாலு தடவை போனேன். அந்த இடத்தில் விசில் காதைப் பிளந்தது. எனக்கு அது சத்தமாகவே படவில்லை, சார்.