பொன்வண்டுப் பச்சை

பச்சையில் எத்தனை வகை என்று கேட்டால் நம் ஊரில் எல்லோரும் கிளிப்பச்சை, இலைப்பச்சை, பாசிப்பச்சை என்று மூன்றோடு நிறுத்திக்கொள்வார்கள். நான்காவது ஒன்று உண்டு ஐயா. பொன்வண்டின் முதுகில் இருக்கிறது. உங்கள் மேசையில் இருக்கும் என் தீப்பெட்டியைத் திறந்தால் பார்க்கலாம். வண்டு செத்து ஒரு வருஷமாகிறது, நிறம் அப்படியே இருக்கிறது.

பதினாறு வருஷம் பிள்ளையார்பாளையத்தில் பட்டுப் புடவைக்குக் கட்டத்தாளில் டிசைன் வரைந்தவன் நான். மாங்காய், மயில், மறுபடியும் மாங்காய். என்னுடையது என்று ஒரு புடவையாவது வேண்டும் என்று அறுபத்தெட்டாம் வருஷம் பொங்கல் கழித்து வேலையை விட்டேன். துணிந்தவனுக்குத் துக்கமில்லை என்பார்கள். என் மனைவி காந்தா அதை நம்பவில்லை. செவிலிமேட்டில் அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். அதற்குப் பிறகு என்னோடு பேசிய ஒரே மனிதர் சாயக்காரர் கைலாசம்தான்.

சாயங்காலம் அவரிடம் போய்த் தீப்பெட்டியைத் திறந்து காட்டுவேன். "இந்தக் கலரை நூல்ல கொண்டாந்துட்டா ஊரே உன் வாசல்ல நிக்கும்பா" என்பார். என்னை அப்படி நம்பியவர் வேறு யாருமில்லை. அவர் மேல் எனக்கு நிஜமான பிரியம் இருந்தது. அதையும் வாக்குமூலத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

கடைச் சாயத்தில் அந்த மினுமினுப்பு வரவில்லை. மெட்ராஸில் ஒரு கிடங்கில் பச்சை உப்பு ஒன்று கிடைத்தது. டப்பாவின் மேல் மண்டை ஓடு படம் ஒட்டியிருந்தது. ஈரத்துணி சுற்றி ஊறவைத்து அந்தக் காகிதத்தை உரித்தெடுத்தேன்.

கைலாசத்துக்கு ஒரு பழக்கம். தொட்டியில் புளிப்பு சரியாக இருக்கிறதா என்று விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்த பிறகுதான் நூலை முக்குவார். அவர் அப்பாவும் அப்படித்தான். வேண்டாம் என்று நான் சொல்லியிருக்கலாம். ஏன் என்று கேட்பார். காரணம் தெரிந்தால் அடுப்பை அணைத்துவிடுவார். வேலையை விட்டவனுக்கு வேறு எந்தச் சாயக்காரர் தொட்டி போடுவார்?

"புளிப்பு சரியா இருக்குது. கடைசீல கசக்குதே, இன்னாபா?" என்றார் முதல் நாள்.

"புதுச் சரக்கு. அப்படித்தான் இருக்கும்" என்றேன்.

மூன்றாம் தொட்டியன்று வாந்தி எடுத்தார். விரல் நுனிகள் வெடித்திருந்தன. நிறம் நெருங்கிவிட்டது, வெயிலில் பிடித்தால் கொஞ்சம் மங்கலாகத் தெரிந்தது, அவ்வளவுதான். "ஒரு வாரம் கழிச்சிப் போடலாமேண்ணா, இவரால நிக்கவே முடியல" என்று அவர் மனைவி ஜெயம்மாள் கெஞ்சினாள். வெயில் சூடு, மோர் கொடு என்று சொல்லிவிட்டு நான்காம் தொட்டிக்கு உப்பை இரட்டிப்பாக்கினேன். மறுநாள் காலை கைலாசம் எழுந்திருக்கவில்லை. கொடியில் நூல் காய்ந்துகொண்டிருந்தது. அதே பச்சை.

புடவை தறியிலிருந்து இறங்கியதும் முதலில் ஜெயம்மாளிடம்தான் எடுத்துப் போனேன். வேறு யாரிடம் காட்டுவது? அவள் என் முகத்தில் அடித்த மாதிரி கதவைச் சாத்தினாள். அன்றுதான் எனக்கு அழுகை வந்தது. டப்பாவை உங்களிடம் கொடுத்ததும் அவள்தான் என்று தெரியும். கோபமில்லை.

தொட்டியில் ஒரு தடவையாவது நீ கை வைத்தாயா என்று கேட்டீர்கள். இல்லை ஐயா. இது வரைகிற கை, இதற்கு ஒன்று ஆகிவிட்டால் எல்லாமே வீண். கைலாசம் நல்ல மனிதர், ஆனால் பயந்த சுபாவம்; தெரிந்திருந்தால் தொட்டியின் பக்கமே வந்திருக்க மாட்டார். இந்த வேலைக்கு யாராவது ஒருவர் துணிய வேண்டியிருந்தது. நான் துணிந்தேன்.