படுக்கையறையில் ஒரு வால்வுப் பெட்டி

கல்கத்தாத் தண்ணீரை நான் குறை சொல்ல மாட்டேன். டாக்குரியாவில் எங்கள் பிளாட்டின் பழைய இரும்புக் குழாயில் வந்ததைத்தான் அத்தனை வருஷம் குடித்தோம். வீட்டில் ஒருவருக்கும் இரும்புச் சத்து மாத்திரை வாங்கியதில்லை. நிறம் மட்டும் கொஞ்சம் தேநீர் மாதிரி இருக்கும். விருந்தாளி வந்தால் தேயிலை மிச்சம்.

வங்கியிலிருந்து ஓய்வு பெற்றதும், தொண்ணூற்றெட்டில், அதையெல்லாம் பிடுங்கிப் போட்டுவிட்டு வளைகிற பிளாஸ்டிக் குழாய் போட்டேன். கயிறுபோலச் சுருளாக வரும். வெந்நீரையும் தாங்கும். சொன்ன இடத்தில் வளையும், சொன்ன இடத்தில் நிற்கும். என் வீட்டில் அப்படி ஒன்று வந்து சேர்ந்தது அதுதான் முதல் தடவை.

இன்னொரு வசதியும் உண்டு. சமையலறை, குளியலறை எல்லாவற்றுக்கும் தனித்தனி லைன். அத்தனையும் ஒரே பெட்டியில் வந்து சேரும். ஒவ்வொன்றுக்கும் ஒரு சின்ன வால்வு. சிவப்பு வெந்நீருக்கு, நீலம் குளிர்ந்த தண்ணீருக்கு. பழுது வந்தால் ஒன்றை மட்டும் மூடிக்கொள்ளலாம். ஒரிசாக்காரப் பிளம்பர் பெட்டியை நடையில் வைக்கப் பார்த்தான். என் கட்டிலுக்குப் பக்கத்தில் வை என்றேன். "பாபு, பழுதுன்னா உங்களை எழுப்பணுமே" என்றான். வீட்டில் எது பழுது என்பதை முதலில் தெரிந்துகொள்ள வேண்டியவன் நான்தானே?

கை ஓங்குவது, கத்துவதெல்லாம் எனக்குப் பிடிக்காது ஸார். என் மகன் சைதன்யா ஆபீஸிலிருந்து நேரங்கெட்டு வந்துகொண்டிருந்தான். ஒரு வார்த்தை சொல்லவில்லை. டிசம்பர் மாதம் அவன் சிவப்பு வால்வை மட்டும் மூடினேன். மூன்றாம் நாள் தும்மிக்கொண்டே பொழுதோடு வந்துவிட்டான். என் மனைவி ஜலஜா ஒரு தடவை விருந்தினர் எதிரில் என்னைத் திருத்திப் பேசினாள். மறுநாள் சமையலறை வறண்டது. "ஏன்னா, குழாய்ல தண்ணி வரலையே" என்று வாசலில் வந்து நின்றாள். யோசித்துப் பார் என்றேன். யோசித்தாள். வந்தது. இதைவிட நாகரிகமான குடும்பம் தென் கல்கத்தாவில் இருந்தால் காட்டுங்கள்.

பிறகு பூர்ணிமா மருமகளாக வந்தாள். வரதட்சணை விவகாரமா என்று கேட்டீர்கள். ஒரு ஸ்பூன்கூட வாங்கவில்லை. கல்யாணத்தை அவர்களே முடிவு செய்துகொண்டார்கள். எனக்கு ஒரு பத்திரிகை கொடுத்தார்கள், அதுவரைக்கும் மரியாதைதான். பெண் இங்கேயே பிறந்து வளர்ந்தவள், பாலிகஞ்சில் டீச்சர். தமிழைவிட வங்காளியில் நன்றாகச் சிரிப்பாள்.

அவளுக்கு மூடினால் அவள் யோசிக்கவில்லை. வாளியை எடுத்துக்கொண்டு கீழ்வீட்டு லாஹிரியின் மனைவியிடம் போய்விட்டாள். ஒரு நாள் ஏரிக்கரையில் நடந்துகொண்டிருக்கிறேன். லாஹிரி எதிரே வந்து, நாலு பேர் கேட்க, "ஷிப்ராம்பாபு, உங்க வீட்ல ஜலத்துக்கே உங்க பர்மிஷன் வேணுமாமே!" என்று சிரித்தார். சிவராமகிருஷ்ணன் என்ற என் பெயரை அவர் குட்டையாக்கியதை நான் என்றைக்கும் பெரிதுபடுத்தியதில்லை. அந்தச் சிரிப்பு வேறு.

வீட்டுக்கு வந்து பூர்ணிமாவிடம் அமைதியாகச் சொன்னேன், மன்னிப்புக் கேட்டுவிடு, இதோடு போகட்டும் என்று.

"தண்ணி புடிச்சதுக்கு எதுக்குப்பா மன்னிப்பு?" என்றாள். கோபம்கூட இல்லை. நிஜமாகவே தெரியாதவள்போலக் கேட்டாள்.

பள்ளிக்கூடத்துக்குத் துர்கா பூஜை லீவு ஆரம்பித்த அன்று சைதன்யா சால்ட் லேக் ஆபீஸுக்குப் போயிருந்தான். ஜலஜா லேக் மார்க்கெட்டுக்குக் கிளம்பினாள். பூர்ணிமா ஆசிட் பாட்டிலை எடுத்துக்கொண்டு தன் குளியலறையைத் தேய்க்கப் போனதை நான் பார்த்தேன். தரையில் ஆசிட்டை ஊற்றும்வரை காத்திருந்தேன். பிறகு அறைக்குள் வந்து தாழ் போட்டுக்கொண்டு, அவள் லைனையும் சமையலறை லைனையும் மூடினேன். தரை முழுக்க ஆசிட், குழாயில் தண்ணீர் இல்லை. ஊற்றியதை அப்படியே விட்டுவிட்டு லாஹிரி வீட்டுக்குப் படியிறங்கி ஓட முடியாது. என்னிடம்தான் வர வேண்டும். நல்ல ஏற்பாடு என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

என்னிடம் வந்து கேட்பதற்காகத்தான் பாட்டிலை மூடப் போனதாகவும், அப்போது கை நழுவி முகத்தில் தெறித்ததாகவும் அவள் உங்களிடம் சொல்லியிருக்கிறாள். இருக்கலாம். வேண்டுமென்று பொய் சொல்கிற பெண் இல்லை.

அவள் கத்தியதும், வறண்ட குழாயை மாறி மாறித் திருகியதும் எனக்குக் கேட்டது. சுவரைத் தடவிக்கொண்டு என் கதவுவரை வந்தாள்.

"அப்பா, கண்ணு... கண்ணு எரியறது. தண்ணி விடுங்கோப்பா."

"என்ன சொல்லணும்னு தெரியுமோல்லியோ?" என்று உள்ளிருந்தே கேட்டேன்.

"தண்ணிப்பா, தண்ணி" என்றாள். அதையேதான் திரும்பத் திரும்பச் சொன்னாள். நான் எதிர்பார்த்த சொல் அதில் இல்லை. என் சொந்தக் குளியலறையில் தண்ணீர் இருந்தது. அதை மூட எனக்கு ஒரு காரணமும் இருக்கவில்லை.

ஜலஜா திரும்பி வந்து அலறிய பிறகு லாஹிரி வீட்டிலிருந்து வாளி வாளியாகத் தண்ணீர் வந்தது. யாரும் கேட்காமலே கொண்டுவந்தார்கள். உடனே கழுவியிருந்தால் பார்வை பிழைத்திருக்கும் என்று டாக்டர் சொன்னாராம். எல்லோரும் அதையே என்னிடம் செய்திபோலச் சொல்கிறார்கள். அவள் முதல் தடவை கத்தியபோதே அது எனக்குத் தெரியும் ஸார். கை நீல வால்வின் மேல்தான் இருந்தது. கால்வாசி திருப்பினால் போதும். நான் திருப்பவில்லை.

ஆனால் இதையும் எழுதிக்கொள்ளுங்கள். அவளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன பிறகு, ஒருவரும் சொல்லாமல், நானே எல்லா வால்வையும் திறந்துவிட்டேன். மனதில் எதையும் வைத்துக்கொள்கிறவன் இல்லை நான்.