தெற்கு எல்லை

எனக்கு நீளமான வாக்கியம் பிடிக்காது, சார். நான் கூடுவாஞ்சேரியில் பத்திரம் எழுத வந்த எண்பத்திரண்டில், மூன்று பக்கத்துக்கு ஒரே வாக்கியமாக எழுதுவார்கள். எழுதியவருக்கே மூச்சு வாங்கும். தாம்பரத்தில் ஞாயிறுதோறும் சட்ட எழுத்து வகுப்பு நடந்தது. இரண்டு வருஷம் ரயிலேறிப் போய்ப் படித்தேன். ஒரு வாக்கியத்துக்கு ஒரு விஷயம். காதால் கேட்டாலே விளங்க வேண்டும்.

கைநாட்டு வைப்பவர்களுக்கு நானே வாசித்துக் காட்டுவேன். அதற்காகவே என்னைத் தேடி வந்தார்கள். தொண்ணூற்று நான்கில் தாயாரம்மாளும் அப்படித்தான் வந்தாள். பிள்ளையில்லாத விதவை. வீட்டுக்கு வடக்கேயிருந்த கொல்லையை மட்டும், மனை போடும் தசரதனுக்கு விற்றாள்.

தசரதனுக்கு வீடும் வேண்டியிருந்தது. ரோட்டைத் தொட்டுக்கொண்டிருந்தது அதுதான். முடித்துக் கொடுத்தால் எண்பது மனைக்கும் பத்திரம் எனக்கே என்றான். நான் எழுதினேன்: "தெற்கே மெயின் ரோடு. இதற்குள் அடங்கிய ஓட்டு வீடு உள்பட." அடித்தல் திருத்தல் இல்லை.

வாசிக்கும்போது, "தெற்கே என் வீட்டு வேலி" என்று வாசித்தேன்.

"அத்த இன்னொரு வாட்டி படி சார். வூடு எனக்குத்தான கீது?"

விரல் வைத்து, நிதானமாக, மறுபடி அதையே வாசித்தேன்.

"நீ படிச்சாத்தான் சார் புரியுது. மத்தவங்க படிச்சா ஒரே பேஜாரு," என்று சிரித்தாள். அன்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. அவள் பெருவிரலில் மை தடவியது நான்தான்.

வீட்டை இடித்த பிறகு கோர்ட்டுக்குப் போனாள். எழுதியதைத்தான் வாசித்தேன் என்று கூண்டிலேறிச் சொன்னேன். தீர்ப்பு வர இரண்டு வருஷம் ஆயிற்று. அதுவரை ஸ்டேஷன் பிளாட்பாரத்தில் படுத்துக் கிடந்தாள். சந்தேகத்துக்கு இடமில்லாமல் தெளிவாக எழுதப்பட்ட பத்திரம் என்று தீர்ப்பில் இருந்தது. நகல் வாங்கி வைத்திருக்கிறேன். தீர்ப்பு வந்த வருஷத்து ஐப்பசி மழையில் அவள் அந்தப் பிளாட்பாரத்திலேயே செத்துப்போனாள்.

ஏமாற்றினேன், சார். மறுக்கவில்லை. அவள் சாவுக்கும் நான்தான் காரணம், எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் பத்திரத்தில் பொய் எழுதினேன் என்று மட்டும் எழுத வேண்டாம். அதில் ஒரே ஒரு வரிதான் பொய். "படித்துக் காட்டக் கேட்டு, சரியென்று ஒப்புக்கொண்டு கைநாட்டு வைத்தேன்" என்ற கடைசி வரி. அது நான் யோசித்து எழுதியதில்லை, சார். எல்லாப் பத்திரத்திலும் வழக்கமாக எழுதுவதுதான்.